‘அவ தங்கச்சியா நீ?’ன்னு கேட்கக் கேட்க வளர்ந்தவங்களுக்கு, ஒரு மூத்தவளோட டிப்ஸ்

முதல்லயே சொல்லிடறேன், எங்க வீட்டுல நான்தான் மூத்தவ. ஹால் ஷோகேஸ்ல இருந்த கப்பு, ஷீல்டு எல்லாம் என்னோடது. என் தங்கச்சியை அடிக்க ஊர்ல இருந்த எல்லாரும் கையில எடுத்த குச்சி நான்தான். “அப்புறம் நீ என்ன எங்களுக்கு டிப்ஸ் சொல்றது?”ன்னு முறைக்காதே. யார் யார், எப்போ, எதுக்காகக் கையில எடுத்தாங்கன்னு குச்சிக்குத்தானே நல்லாத் தெரியும்? அதுக்கப்புறம் ரெண்டு பிள்ளைகளை வளர்த்தாச்சு. நாத்தனார் வீடு, கொழுந்தனார் வீடுன்னு இதே பஞ்சாயத்துக்குப் பாய் விரிச்சு உட்கார்ந்தாச்சு. தப்பு எங்கெங்க நடக்கும்னு அத்துப்படி.

அக்கா, அண்ணன் பேருக்குக் கீழே வளர்ந்தவங்க, தம்பி முந்திப் போனதைப் பக்கத்துல நின்னு பார்த்தவங்க, எல்லாருக்கும் சேர்த்துத்தான் எழுதறேன். உனக்கு நேரமில்லைன்னு தெரியும். ஒரே மூச்சுல படிக்க வேண்டாம், ரெண்டு தவணையா படி.

1. முதல்ல கேஸைப் பிரி

உனக்கு யார் மேல கோபம்? “அக்கா மேல”ன்னு பட்டுனு சொல்லிடுவே. இரு. ஒரு பேப்பர் எடு, நடுவுல கோடு போடு. இடது பக்கம் அவளே உனக்குச் செஞ்சது. வலது பக்கம் அவளைக் காட்டி மத்தவங்க உனக்குச் செஞ்சது.

ஆறாம் கிளாஸ் முதல் நாள். டீச்சர் அட்டெண்டன்ஸ் எடுக்கறாங்க, உன் இனிஷியலைப் பார்த்ததும் தலையை நிமிர்த்தறாங்க. “நீ அவ தங்கச்சியா?” உன் முகத்துல ஒரு சந்தோஷம் வருது. மூணே வாரம். முதல் டெஸ்ட் பேப்பர் கொடுக்கறப்போ அதே டீச்சர், “அவ தங்கச்சியா நீ?” கேள்வி அதேதான், ஆனா இப்போ பெஞ்சுல எல்லாரும் திரும்பிப் பார்க்கறாங்க. நீ போட்டிருக்கிறது அவளோட பழைய பினஃபோர். கீழே மடிப்பைப் பிரிச்சு இறக்கின இடத்துல மட்டும் துணி வெளுக்காம, ஒரு கருநீலப் பட்டை ஓடும். ஜியோமெட்ரி பாக்ஸ் மூடியில காம்பஸ் முனையால கீறின அவ பேரு, அதுக்குக் கீழே இடம் தேடி எழுதின உன் பேரு.

இதெல்லாம் எந்தப் பக்கம் வரும், சொல்லு? வலது பக்கம்தானே? பெரும்பாலான வீட்டுல வலது பக்கம் நிரம்பிப் பின்பக்கமும் எழுத வேண்டி வரும். இடது பக்கத்துல “என் ரிப்பனை எடுத்துக்கிட்டா”, “ஜன்னலோர சீட்டு தரலை” அப்படின்னு நாலு வரி இருக்கும். அப்போ நீ இத்தனை வருஷமா தப்பான ஆளைக் கூண்டுல நிறுத்தி வச்சிருக்கேன்னு அர்த்தம்.

ஆனா ஒண்ணு. இடது பக்கமே நிறைஞ்சு போச்சுன்னா, அதாவது அவளே உன்னை நாலு பேர் முன்னாடி மட்டம் தட்டினா, அடிச்சா, உன் ரகசியத்தை வெளியே போட்டு உடைச்சான்னா, அது வேற கேஸ். “கூடப் பொறந்தவளாச்சே”ன்னு யாராவது சமாதானம் பேச வந்தா தலையாட்டாதே. தள்ளி இருக்க உனக்கு உரிமை உண்டு.

இன்னொண்ணும் பிரிச்சுப் பார்க்கணும். அண்ணன் தட்டுல முட்டை, உன் தட்டுல குழம்பு மட்டும். அண்ணனுக்குப் பணம் கட்டி இன்ஜினியரிங், உனக்குப் பக்கத்து ஊர் காலேஜ், ‘பொம்பளைப் பிள்ளைக்கு இது போதும்’. இதை ‘அண்ணன் கெட்டிக்காரன், அதான் நான் பின்னாடி நின்னுட்டேன்’னு நீயே மெழுகாதே. அங்கே நடந்தது ஓரவஞ்சனை. திறமைக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லை.

2. ‘நான் ரெண்டாவது, அதான் இப்படி’ங்கிற ஜோசியத்தை விடு

மூத்தது பொறுப்பு, நடுவுல பொறந்தது ரோஷம், கடைசி செல்லம். நம்ம ஊர்த் திண்ணையில மட்டும் சொல்றதில்லை இது. வியன்னாவுல ஆல்பிரட் ஆட்லர்னு பெரிய மனநல மருத்துவர் இருந்தார். பொறந்த வரிசைக்கும் குணத்துக்கும் முடிச்சுப் போட்டு எழுதினவர். அவரே வீட்டுல ரெண்டாவது பிள்ளை. நோஞ்சானா வளர்ந்தவர், ஓடியாடின அண்ணனைப் பார்த்து ஏங்கினவர். அந்த அண்ணன் பேரு சிக்மண்ட். பெரியவரானதும் சிக்மண்ட் பிராய்டுகிட்டேயும் முரண்பட்டுப் பிரிஞ்சு வந்தார் மனுஷன். சிலருக்கு ராசி அப்படி!

ஆனா 2015-ல அமெரிக்கா, பிரிட்டன், ஜெர்மனி மூணு நாட்டுலயும் 20,000 பேருக்கு மேல எடுத்துப் பார்த்துட்டாங்க. கலகலப்பு, பொறுப்பு, நிதானம், விட்டுக்கொடுக்கிற குணம், எதையும் பொறந்த வரிசை தீர்மானிக்கலை. அறிவுச் சோதனையில மட்டும் மூத்தவங்க பக்கம் ஒரு துளி அதிகம். வாழ்க்கையைத் தூக்கி நிறுத்தற அளவு இல்லை அது.

அதைவிட முக்கியமான விஷயம் இருக்கு. அதே 2015-ல அலெக்சாண்டர் ஜென்சன், சூசன் மெக்ஹேல்னு ரெண்டு பேர் டீன்ஏஜ் பிள்ளைங்க இருக்கிற அமெரிக்கக் குடும்பங்களைக் கவனிச்சு எழுதினாங்க. பிள்ளைங்க ரெண்டும் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் படிக்குது, ஆனா பெத்தவங்கள்ல நிறைய பேருக்கு மூத்ததுதான் கெட்டிக்காரப் பிள்ளைங்கிற நினைப்பு. அடுத்து வந்த மார்க்குல அந்த நினைப்பு எட்டிப் பார்த்துச்சு. முந்தின மார்க்கைப் பார்த்து நினைப்பு வரலை. நினைப்பைப் பார்த்து மார்க் வந்துச்சு.

இதை ஏன் உனக்குச் சொல்றேன்? பத்தாம் கிளாஸ் மார்க் ஷீட்டை பீரோவுல வச்சுக்கிட்டு இன்னும் உன் மூளைக்கு விலை போட்டுக்கிட்டிருக்கே பாரு, அதுக்குத்தான். அந்த மார்க்குல உன் வீட்டு ஹால்ல நடந்த பேச்சுக்கும் பங்கு இருக்கு.

3. அவ போன வழியில போகலாமா, கூடாதா?

ரெண்டு தப்பு நிறைய பார்த்திருக்கேன். அக்கா டாக்டர்னு தானும் நீட் கோச்சிங்ல போய் உட்கார்ந்து மூணு வருஷத்தைத் தொலைக்கிறது ஒண்ணு. அக்கா நல்லாப் பாடுவாங்கிறதுக்காக, தனக்குப் பிடிச்ச பாட்டையே மூட்டை கட்டிடறது இன்னொண்ணு. ரெண்டுலயும் உன் முடிவை எடுத்தது அவதான், நீ இல்லை.

குறுக்கு வழி சொல்றேன், இந்த ஒரே கேள்வியை உன்கிட்டே கேளு: “அவ நாளைக்கே இதை விட்டுட்டா, நான் தொடர்ந்து செய்வேனா?” செய்வேன்னா அது உன்னோடது. யார் பேரு முன்னாடி இருந்தாலும் விடாதே. செய்ய மாட்டேன்னா இன்னைக்கே எந்திரி.

நம்ம சென்னைப் பொண்ணு வைஷாலியை எடுத்துக்கோ. டிவி முன்னாடியே உட்கார்ந்திருக்கான்னு வீட்டுல செஸ் கிளாஸ் அனுப்பினது அவளைத்தான். அக்காவைப் பார்த்து ஆட வந்தவன்தான் தம்பி பிரக்ஞானந்தா. 2018-ல, 13 வயசு முடியறதுக்கு முன்னாடியே அவன் கிராண்ட்மாஸ்டர். அக்காவுக்கு அந்தப் பட்டம் வந்தது 2023 கடைசியில. நடுவுல அஞ்சு வருஷம். உலகமே தம்பி பேரைச் சொல்லிக்கிட்டிருந்த காலத்துல, அதே வீட்டுல, அதே பலகை முன்னாடி உட்கார்ந்து ஆடறது லேசுப்பட்ட காரியமா? நிழல் எப்பவும் மேலேர்ந்துதான் விழும்னு இல்லை பாரு, கீழேர்ந்தும் விழும். மூத்ததுக்கு அந்த வலி இன்னும் மோசம், ஏன்னா வெளியே சொன்னா பொறாமைன்னுடுவாங்க.

அந்தப் பொண்ணு பலகையை மடிக்கலை. 2023-ல கிராண்ட் சுவிஸ் மகளிர் போட்டியில ஜெயிச்சா. 2025-ல திரும்பவும் ஜெயிச்சா. 2024-ல புடாபெஸ்ட் ஒலிம்பியாட்ல இந்தியாவுக்கு ரெண்டு தங்கம், ஓபன்ல தம்பி அணி, பெண்கள்ல அக்கா அணி. உலகத்துலயே அக்கா-தம்பி ரெண்டு பேரும் கிராண்ட்மாஸ்டர்னா முதல்ல இவங்கதான்.

ஆஷா போஸ்லே செஞ்சது வேற மாதிரி. அக்கா லதா மங்கேஷ்கர் பாட்டுலயே உச்சாணியில இருக்கறப்போ, அதே தொழில்ல எங்கே போய் நிக்கிறது? கதாநாயகியோட உருக்கமான பாட்டெல்லாம் அக்காவுக்குப் போகும். கிளப் டான்ஸ், குறும்புப் பாட்டு, கவுரவமான பாடகிங்க தயங்கின பாட்டு, அதெல்லாம் தங்கச்சிக்கு வந்துச்சு. வந்ததை இளக்காரமா நினைக்காம அதுல யாரும் தொட முடியாத ஆளா ஆனாங்க. அப்புறம் ‘இதுக்கு இவ சரிப்பட மாட்டா’ன்னு நினைச்சவங்க முன்னாடி ‘உம்ராவ் ஜான்’ கஜல் பாடி தேசிய விருதும் வாங்கினாங்க. ஒரே தொழில்தான், தெரு வேற.

இதுல தவிர்க்க வேண்டியது:

• உன் முதல் வருஷத்தை அவளோட பத்தாவது வருஷத்தோட வச்சுப் பார்க்கிறது.
• “அவளுக்குத் தெரியாததா ஒண்ணு கத்துக்கணும்”னு வாரம் ஒரு கிளாஸ்ல சேர்றது. தஞ்சாவூர்ப் பெயிண்டிங் பாதி, பிரெஞ்சு பாதி, கீபோர்டு கட்டிலுக்கு அடியில. ஒண்ணைப் பிடி, ரெண்டு வருஷம் விடாதே.
• நீ என்ன செய்யறேன்னு ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே குடும்பத்துக்கு அறிவிக்கிறது. முளைக்கறதுக்குள்ள தோண்டிப் பார்ப்பாங்க.

4. கல்யாண மண்டபத்துக்கு ரெடிமேட் பதிலோட போ

உன்னோட பாதி வேதனை இங்கேதான் கிளறப்படுது. யோசிச்சுப் பதில் சொல்ல நேரமே தர மாட்டாங்க, அதனால வீட்டுலயே பதிலைத் தயார் பண்ணிட்டுப் போ. மூணு போதும்.

“அக்கா கலிபோர்னியாவுல வீடு வாங்கிட்டாளாமே, நீ இன்னும் அதே கம்பெனிதானா?” இதுக்கு: “ஆமா பெரியம்மா, நல்லா இருக்கா. உங்க முட்டி வலி இப்போ எப்படி இருக்கு?” முடிஞ்சுது. கேட்டவங்களுக்கு உன் வேலையைப் பத்தி ஒரு அக்கறையும் கிடையாது, பேச ஒரு விஷயம் வேணும். முட்டி வலி அதைவிட நல்ல விஷயம், அரைமணி நேரம் தாங்கும்.

அவ சம்பளம், வீட்டுக்கடன், ‘இன்னும் விசேஷம் இல்லையா’ன்னு தோண்டினா: “அவ நம்பர் தரட்டா சித்தி? நேரா அவகிட்டயே கேட்டுக்கோங்க.” வாங்கிக்க மாட்டாங்க. நீ ஒண்ணும் அவளுக்கு பி.ஆர்.ஓ. இல்லை.

ஒவ்வொரு விசேஷத்துலயும் இதையே கேட்கிற ஒரு மாமா கட்டாயம் இருப்பார். சிரிச்சுக்கிட்டே, “போன கல்யாணத்துலயும் இதையேதானே கேட்டீங்க மாமா”. சிரிப்பு முக்கியம். சிரிக்காமச் சொன்னா அடுத்த மூணு கல்யாணத்துக்கு உன் வாய்த்துடுக்குதான் பேச்சா இருக்கும்.

பந்தியில இலை போட்டதும் எதிர்ல உட்கார்ந்து ஆரம்பிப்பாங்க. அப்போ பதிலே வேண்டாம், அப்பளத்தை வாயில போட்டுக்கோ.

செய்யவே கூடாதது ரெண்டு. ஒண்ணு, உன் சம்பளம், பதவி உயர்வு, பிள்ளைங்க மார்க்னு பட்டியல் வாசிக்கிறது. அவங்க கட்டின தராசுல நீயே ஏறி உட்கார்ற மாதிரி ஆயிடும். ரெண்டாவது, “வெளியேதான் பளபளன்னு தெரியும், அவ வீட்டுக் கதை உங்களுக்குத் தெரியாது”ன்னு இழுக்கிறது. அன்னைக்கு நாக்குக்கு இனிக்கும். ராத்திரிக்குள்ள அது கலிபோர்னியா போய்ச் சேர்ந்திருக்கும்.

5. அம்மாகிட்டே பேசறதுன்னா முறையோட பேசு

தீபாவளிக்கு முந்தின நாள் அம்மா முறுக்கு பிழியறப்போ, சுத்தி நாலு பேர் இருக்கறப்போ, “நீங்க சின்ன வயசுலேர்ந்தே அவளைத்தான்…”னு ஆரம்பிக்காதே. எத்தனை வீட்டுல பார்த்திருக்கேன், எண்ணெய் காயறதுக்குள்ள ஆளுக்கொரு ரூம்ல அழுகை.

தனியா இருக்கறப்போ, சாப்பிட்டு முடிச்சு வெத்தலை போடற நேரம் பார்த்துப் பேசு. ஒரே ஒரு விஷயம், அதுவும் இப்போ நடக்கிற விஷயம். “அம்மா, அத்தை முன்னாடி அவ சம்பளத்தையும் என் சம்பளத்தையும் சேர்த்துச் சொல்லாதீங்க. எனக்குக் கஷ்டமா இருக்கு.” அவ்வளவுதான். ‘எப்பவுமே’, ‘ஒரு நாளாவது’ ரெண்டு சொல்லையும் வாயில வராமப் பார்த்துக்கோ.

அம்மா என்ன சொல்வாங்கன்னு நானே சொல்லிடறேன்: “நான் எப்படி அப்படிச் சொன்னேன்? எனக்கு ரெண்டு கண்ணும் ஒண்ணுதானே?” தமிழ்நாட்டுல எல்லா அம்மாவும் இதைத்தான் சொல்வாங்க. நீ சாட்சி தேடாதே. 1998-ல எடுத்த பட்டுப் பாவாடையைக் கொண்டுவந்து ஆதாரம் காட்டாதே. உனக்கு வேண்டியது தீர்ப்பா, இல்லை அடுத்த விசேஷத்துல அந்தப் பேச்சு வராம இருக்கிறதா? தீர்ப்பு வராது. பேச்சு நின்னா லாபம்.

அம்மாவுக்கு எழுபதைத் தாண்டியாச்சுன்னா பழைய கேஸை எடுக்கவே எடுக்காதே. அவங்க ஞாபகத்துல அந்தக் காலம் வேற மாதிரி பதிஞ்சிருக்கும். அப்போ அவங்க கையில இருந்த பணம், மாமியார் தொல்லை, தூங்காத ராத்திரிதான் அவங்களுக்கு நினைவு இருக்கும். உன் பினஃபோர் மடிப்பு இருக்காது.

சில அம்மா அப்பாவுக்கு உண்மையிலேயே ஒரு பிள்ளை மேல பாசம் தூக்கல்தான். இல்லைன்னு நான் பூசி மெழுக மாட்டேன். அதை நீ நல்ல மார்க் வாங்கியும் மாத்த முடியாது, வருஷம் பூரா கால் பிடிச்சு விட்டும் மாத்த முடியாது. மாத்தலாம்ங்கிற நப்பாசையிலதான் நிறைய பேர் நாற்பது வயசுலயும் ரேங்க் கார்டை நீட்டிக்கிட்டு நிக்கறாங்க.

6. குடும்ப வாட்ஸ்அப் குரூப்

மியூட். அவ்வளவுதான் டிப்ஸ். அவ போட்ட போட்டோவுக்கு அன்னைக்கே ஒரு ‘சூப்பர்டி’ போட்டுட்டு வெளியே வந்துடு. ராத்திரி பதினோரு மணிக்கு அதைத் திரும்பத் திறந்து யார் யார் என்னென்ன கமெண்ட் போட்டாங்கன்னு எண்ணாதே. போட்டிக்கு உன் பையன் சர்டிபிகேட்டைப் போடாதே.

7. கூட இருந்து பார்த்துக்கிறவங்களுக்கு

இது பெரிய விஷயம், நிதானமாப் படி. கப்பு வாங்கின பிள்ளை வெளியூருக்கோ வெளிநாட்டுக்கோ போயிடும். ‘சுமாரா’ படிச்ச பிள்ளைதான் பக்கத்துத் தெருவுல இருக்கும். சுகர் டெஸ்ட்டுக்கு வெறும் வயித்தோட கூட்டிட்டுப் போறது, கண் ஆபரேஷனுக்குச் சொட்டு மருந்து விடறது, கேஸ் புக் பண்றது, கரண்ட் பில் கட்டறது எல்லாம் அது கணக்கு. வருஷத்துக்கு ஒரு தடவை மத்தது சாக்லேட் பையோட வந்து இறங்கும். தெரு பூரா, “என்ன இருந்தாலும் பெரியவ மாதிரி வருமா?” உன் தலையில சூடு ஏறும். ஏறாதா பின்னே?

செய்ய வேண்டியது இதுதான்:

• ஒரு நோட்டுல மாசச் செலவை எழுது. மருந்து, டெஸ்ட், ஆட்டோ, வேலைக்காரம்மா. உன் போன்லயே எழுதினாலும் சரி. மனசுல மட்டும் எழுதற கணக்குக்கு வட்டி ஏறிக்கிட்டே போகும்.
• “நீ ஒண்ணுமே செய்யறதில்லை”ன்னு சொல்லாதே. “மாசா மாசம் மருந்துச் செலவு உன்னோடது. இன்ஷூரன்ஸ் பிரீமியம் உன்னோடது. நீ வர்ற ரெண்டு வாரம் ஆஸ்பத்திரி டூட்டி முழுக்க உன்னோடது, நான் ஊருக்குப் போறேன்”னு சொல்லு. பொதுவாத் திட்டினா எங்களுக்குக் கோபம்தான் வரும். என்ன வேணும்னு புட்டுப் புட்டுச் சொன்னா பெரும்பாலும் செஞ்சுடுவோம். உள்ளூர்ல என்ன நடக்குதுன்னு எங்களுக்குப் பாதி தெரியாது.
• ஊருக்குப் போறேன்னு சொன்னா நிஜமாவே போ. ‘நான் இல்லைன்னா நடக்காது’ன்னு கூடவே இருந்துட்டு அப்புறம் மூக்கைச் சிந்தாதே.
• அவ வாங்கிட்டு வந்த புடவையை முகத்தைத் தூக்கிக்கிட்டு வாங்காதே. புடவை மேல என்ன கோபம்? கட்டிக்கோ.

8. கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி

சின்ன வயசுலேர்ந்தே ஜன்னலோர சீட்டு, பெரிய துண்டு கேக், புது சைக்கிள்னு விட்டுக்கொடுத்துப் பழகின கை, பத்திரத்துலயும் விட்டுக்கொடுத்துடும். சொத்துல உன் பங்கை விட்டுக்கொடுக்கிற ‘விடுதலைப் பத்திரம்’னு ஒண்ணு நீட்டுவாங்க. “அண்ணன்தானே, படிச்சவன், எல்லாம் பார்த்துப்பான், நீ போட்டுட்டு வா” அப்படிம்பாங்க. சார்பதிவாளர் ஆபீஸ் வாசல்ல வச்சுத்தான் முதல் தடவையா பேப்பரையே பார்ப்பே.

தெரிஞ்சுக்கோ. இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, அப்பா உயில் எழுதாமப் போயிட்டா அவர் சுயமாச் சம்பாதிச்ச சொத்துல மகன், மகள், அம்மா எல்லாருக்கும் சம பங்கு. இது 1956-லேர்ந்தே இருக்கு. பரம்பரைச் சொத்துல மகளுக்குச் சம உரிமைன்னு தமிழ்நாடு 1989-லயே சட்டம் கொண்டு வந்துச்சு. ஆனா அதுக்கு முன்னாடியே கல்யாணமான பொண்ணுங்களை அதுல சேர்க்கலை. 2005-ல மத்திய அரசு கொண்டு வந்த திருத்தம் அந்த வித்தியாசத்தை எடுத்துடுச்சு. 2005-ல அப்பா உயிரோட இருந்திருக்கணும்னு அவசியமில்லைன்னு 2020-ல சுப்ரீம் கோர்ட்டும் சொல்லியாச்சு. உங்க குடும்பத்துக்கு வேற மதச் சட்டம்னா அதைக் கேட்டுத் தெரிஞ்சுக்கோ.

மனசார விட்டுக்கொடுக்கறியா, கொடு, யாரும் தடுக்கலை. ஆனா நாலு நாள் முன்னாடி பத்திரத்தோட நகலை வாங்கு, நீயே படி, அண்ணன் வக்கீல் இல்லாத வேற ஒரு வக்கீல்கிட்டே காட்டு. பதிவான விடுதலைப் பத்திரத்தை அப்புறம் ரத்து பண்றது பெரிய பாடு. நகல் கேட்டதுக்கே யாராவது கோவிச்சுக்கிட்டா, இன்னும் நாலு நாள் சேர்த்து யோசி.

9. உன் வீட்டுல ரெண்டு பிள்ளைங்க இருந்தா

பிளஸ் டூவுலயும் பத்தாம் வகுப்புலயும் மாநில ரேங்க் அறிவிக்கிறதை தமிழ்நாடு அரசே 2017-ல நிறுத்திடுச்சு. நீயும் நிறுத்து. “அக்காவைப் பாரு”ங்கிற வாக்கியத்தை வீட்டுல தடை பண்ணு. பாட்டிக்கும் சேர்த்துத்தான் தடை. ரெண்டையும் ஒரே ஸ்கூல்ல சேர்த்தா, முதல் பேரண்ட்ஸ் மீட்டிங்லயே டீச்சர்கிட்டே, “இவளைப் பெரியவளோட சேர்த்துப் பேசாதீங்க மிஸ்”னு சொல்லிடு. புரிஞ்சுப்பாங்க. பழைய யூனிஃபார்ம் போடலாம், தப்பே இல்லை, விலைவாசி தெரியாதா? ஆனா ஜியோமெட்ரி பாக்ஸ் ஒண்ணாவது புதுசா வாங்கிக் கொடு.

உன் பழைய பாக்கியைத் தீர்க்க உன் பிள்ளையை அக்கா பிள்ளையோட மோத விடாதே. சொல்லிட்டேன்.

10. தனியாச் சமாளிக்க முடியலைன்னா

‘நான் எதுக்குமே லாயக்கில்லை’ங்கிற நினைப்பு வாரக்கணக்கா போகாம இருக்கா? தூக்கம், சாப்பாடு கெடுதா? வாழறதே வீண்னு தோணுதா? அதுக்கு டிப்ஸ் போதாது. 14416-க்கு போன் பண்ணு. அரசாங்கத்தோட டெலி மானஸ் சேவை, காசு கிடையாது, எந்த நேரமும் தமிழ்லயே பேசலாம். சின்ன வயசு விஷயத்துக்கெல்லாமா போன் பண்றதுன்னு வெட்கப்படாதே. பல்லு வலிக்குப் போறே இல்லை?

11. கடைசியா, அவளுக்கே ஒரு போன்

இதுக்காகத்தான் நான் இத்தனை நேரம் வளவளத்தது. முதல் டிப்ஸ்ல உன் இடது பக்கம் நாலு வரிதான் இருந்துச்சுன்னா, இதைச் செய்.

அந்தப் பக்கத்துக் கதையையும் கேட்டுக்கோ. உனக்கு ‘அக்கா மாதிரி வரணுமே’ன்னு பயம். எங்களுக்கு ‘ஒரு மார்க் குறைஞ்சா இந்த வீட்டுல என் கதி என்ன’ன்னு பயம். நீ மொட்டை மாடியில கிரிக்கெட் ஆடினே, நான் ஜன்னல் வழியாப் பார்த்துக்கிட்டு டிரிக்னாமெட்ரி போட்டேன். நீ தோத்தா “அதுக்கென்ன, விடு”ன்னாங்க. நாங்க தோத்தா அப்பா ரெண்டு நாள் பேச மாட்டார். இதைச் சொல்லி எங்களைப் பாவம்னு சொல்லச் சொல்லலை. என்ன இருந்தாலும் கப்பு எங்ககிட்டதானே இருந்துச்சு. ஆனா உன்னை ஒரு நாள் கூடத் தோக்கடிக்கணும்னு நாங்க படிக்கலை. எங்களுக்கு அந்தப் போட்டி நடக்கிறதே பாதி நேரம் தெரியாது.

எப்படி ஆரம்பிக்கிறது? “உன்னால நான் எவ்வளவு கஷ்டப்பட்டேன் தெரியுமா”ன்னு எடுத்த எடுப்புல போடாதே. உங்க ரெண்டு பேருக்கு மட்டும் தெரிஞ்ச ஒண்ணுல ஆரம்பி. “அந்தக் கணக்கு டியூஷன் சார் சாக்பீஸ் எறிவாரே, ஞாபகம் இருக்கா?” சிரிப்பு வரும். அப்புறம், “அவர் என்கிட்டே உன் பேரைச் சொல்லியே எறிவார், தெரியுமா?” நிறைய அக்காங்களுக்கு இது நிஜமாவே தெரியாது. கொஞ்ச நேரம் பேச்சு வராது. நீயும் பேசாம இரு, அந்த இடைவெளியை நிரப்பாதே.

ஞாயிறு காலையில கூப்பிடாதே, எல்லார் வீட்டுலயும் ஆள் இருக்கும். வாரநாள் மத்தியானம் மூணு மணிக்கு மேல கூப்பிடு. வெளிநாடுன்னா அங்கே மணி என்னன்னு பார்த்துக்கோ. வீடியோ கால் வேண்டாம், முகம் பார்த்தா ரெண்டு பேருமே வேஷம் கட்டிடுவீங்க. ஸ்பீக்கர்ல போடாதே, அம்மா நடுவுல வந்து “ரெண்டு கண்ணும் ஒண்ணுதான்” ஆரம்பிச்சுடுவாங்க. முதல் தடவை எடுக்கலைன்னா, ‘பாத்தியா, வேணும்னே எடுக்கலை’ன்னு கதை கட்டாதே. நாங்களும் குக்கர் விசிலை எண்ணிக்கிட்டு ஈரக் கையோடதான் நிப்போம், திரும்பக் கூப்பிடுவோம்.